8 எம்பி ஃப்ளாஷ்: பேக்கேஜை நீக்கியும் இடம் கூடவில்லையே?

சத்துவாச்சாரி:
ரவுட்டர் டிபி-லிங்க் எம்ஆர்3420 வி5. ஃப்ளாஷ் 8 எம்பி, ரேம் 64 எம்பி. ஓபன்டபிள்யூஆர்டி 23.05 (ரவுட்டருக்கான லினக்ஸ்), லூசி என்ற வெப் பக்கத்தோடு ஓடுகிறது. ஓவர்லேயில் (ஃப்ளாஷில் நாம் எழுதக்கூடிய பகுதி) 400 கேபி கூட மிச்சமில்லை. நெட் நெரிசலைச் சீராக்கும் எஸ்க்யூஎம் போடப்போனால் இடமில்லை என்று ஓபிகேஜி (பேக்கேஜ் ஏற்றும் கருவி) நிறுத்திவிடுகிறது. ஐபிவி6 பேக்கேஜ்களை நீக்கிப் பார்த்தேன், ஒரு கேபிகூட கூடவில்லை. அடுத்து விளம்பரத்தைத் தடுக்கும் ஆட்பிளாக்கும் வேண்டும். யூஎஸ்பி போர்ட் சும்மாதான் இருக்கிறது, பென்டிரைவ் செருகினால் தீருமா?

குடியாத்தம்:
பேக்கேஜை நீக்கினால் இடம் கூடாதுங்க. இமேஜோடு (ரவுட்டரில் ஏற்றும் ஃபர்ம்வேர் கோப்பு) வந்தது எல்லாம் ஸ்குவாஷ்எஃப்எஸ் என்ற சுருக்கிய பகுதியில் இருக்கிறது, அதில் எழுத முடியாது. நீங்கள் நீக்கும்போது "இது இல்லை" என்ற குறிப்புதான் ஓவர்லேயில் விழுகிறது, அதுவும் கொஞ்சம் இடம் பிடிக்கும். பிறகு ஏற்றுகிற பேக்கேஜோ ஓவர்லேயின் ஜேஎஃப்எஃப்எஸ்2 ஃபைல் சிஸ்டத்தில் உட்காரும். ஸ்குவாஷ்எஃப்எஸ் அளவுக்கு அது சுருங்காது.

வேண்டிய பேக்கேஜை மட்டும் வைத்து இமேஜ் கட்டித்தரும் இமேஜ் பில்டரில் புதிதாகக் கட்டுங்கள். கம்பைல் வேலை இல்லை, ஒரு லினக்ஸ் கணினி போதும். உங்கள் பதிப்புக்கே உரிய ரேமிப்ஸ், எம்டி76எக்ஸ்8 (உங்கள் ரவுட்டர் சிப்பின் வகை) பில்டரை இறக்கி, "மேக் இன்ஃபோ" கொடுத்தால் புரொஃபைல் பெயர் கிடைக்கும். பேக்கேஜ் பட்டியலில் வேண்டாததன் முன் கழித்தல் குறி: பிபிபி (யூசர்நேம் போட்டு டயல் செய்யும் பேக்கேஜ்), ஐபிவி6, தேவைப்பட்டால் ஓபிகேஜியும். எஸ்க்யூஎம்மை அதே பட்டியலில் சேர்த்துவிடுங்கள். அளவு மீறினால் எச்சரிக்கை வரும், ரவுட்டரில் ஏற்ற வேண்டிய சிஸ்அப்கிரேடு கோப்பே உருவாகாது.

கட்டி முடித்தபின் குறைந்தது 5 இரேஸ் பிளாக் (ஃப்ளாஷில் ஒரே தடவையில் அழிபடும் 64 கேபி துண்டு), அதாவது 5 × 64 = 320 கேபி, ஓவர்லேக்கு மிஞ்ச வேண்டும். இல்லாவிட்டால் ஓவர்லே ரேமுக்குப் போய்விடும்; ஒவ்வொரு ரீபூட்டிலும் செட்டிங் எல்லாம் அம்பேல்.

காட்பாடி:
பிபிபியில் கை வைக்கும் முன் ஒன்று. நம்ம ஊர் கேபிள்காரர் ஃபைபரில் ஓஎன்யு (ஃபைபர் வந்து சேரும் பெட்டி) பிரிட்ஜில், அதாவது தான் டயல் செய்யாமல் லைனை அப்படியே கடத்திவிடும் நிலையில் இருந்தால், யூசர்நேம் பாஸ்வேர்டு போட்டு டயல் செய்வது உங்கள் ரவுட்டர்தான். பிஎஸ்என்எல் ஃபைபரும் இப்படி டயல் செய்யும் பிபிபிஓஇதான். அதை எடுத்துவிட்டு ஃப்ளாஷ் செய்தால் நெட் வராது, திருப்பி ஏற்றவும் நெட் இருக்காது. வேன் (வெளி நெட் வரும் இணைப்பு) புரோட்டோகால், டயல் தேவையில்லாத டிஹெச்சிபி என்று இருந்தால் மட்டும் நீக்குங்கள்.

பென்டிரைவ் எக்ஸ்ட்ரூட், அதாவது ஓவர்லேயைப் பென்டிரைவுக்கு மாற்றுவது, நடக்கும். ஆனால் பிளாக்-மவுண்ட், யூஎஸ்பி ஸ்டோரேஜ், ஈஎக்ஸ்டி4 மாட்யூல்கள் இமேஜிலேயே வேண்டும், இப்போது இருக்கும் இடத்தில் அவை ஏறாது. பென்டிரைவை ஈஎக்ஸ்டி4-ஆக ஃபார்மேட் செய்து, ஓவர்லேயில் இருப்பதை அதில் காப்பி அடித்து, எஃப்ஸ்டேபில் (எந்த டிரைவ் எங்கே இணைய வேண்டும் என்ற பட்டியல்) மவுண்ட் இடமாக ஓவர்லேயைக் கொடுங்கள். பூட்டில் டிரைவ் பிடிபடாவிட்டால் உள்ளே இருக்கும் பழைய செட்டிங்கில் ரவுட்டர் எழும். அதனால் ரூட் பாஸ்வேர்டும் வைஃபை பாஸ்வேர்டும் காப்பி அடிக்கும் முன்பே வைத்துவிடுங்கள்.

ஆட்பிளாக்குக்கு இது மருந்து இல்லை. தடுக்க வேண்டிய தளங்களின் பட்டியலை டிஎன்எஸ்மாஸ்க் (தளப் பெயருக்கு முகவரி தேடித்தரும் புரோகிராம்) ரேமில்தான் வைத்துக்கொள்கிறது. 64 எம்பியில் பெரிய பட்டியல் போட்டால் மெமரி தீர்ந்து டிஎன்எஸ்மாஸ்க் சாகும். வைஃபை இருக்கும், எந்தத் தளமும் திறக்காது. சின்னப் பட்டியல் ஒன்றே ஒன்று போதும்.

குடியாத்தம்:
சரி, பிபிபி விஷயத்தில் காட்பாடி சொல்வதையே கேளுங்கள். எஸ்க்யூஎம்மும் முழு 100 எம்பிபிஎஸ்ஸுக்கு இந்த சிபியுவில் இழுக்காது, வேகம் குறையும். ஃப்ளாஷ் செய்யும்போது ரவுட்டரை இன்வெர்ட்டர் லைனில் போடுங்கள். சித்திரை வெயிலில் மத்தியானம் கரண்டை நம்ப முடியாது.