பூர்ணம் விஸ்வநாதனை மேடையில் பார்த்தவர்கள் இருக்கிறீர்களா?

மாம்பலத்தான்:
நேற்று டிவியில் 'மகாநதி' ஓடியது. சிறைக்குள் கமலுக்குத் துணையாக இருக்கும் பஞ்சாபகேசனாக வரும் பூர்ணத்தைப் பார்த்துவிட்டு, "இந்தத் தாத்தா எப்பவுமே யாருக்காவது அப்பாதானா?" என்றான் என் மகன். சினிமாவை மட்டும் பார்த்தவர்களுக்கு அப்படித்தான் தோன்றும். மேடையில் அவர்தான் ஹீரோ.

எண்பதுகளில் மயிலாப்பூர் சபா ஒன்றில் எழுத்தாளர் சுஜாதாவின் 'கடவுள் வந்திருந்தார்' நாடகம் பார்த்தேன். ரிட்டயர் ஆன ஸ்ரீனிவாசனிடம் எதிர்காலத்திலிருந்து ஒருவன் வந்து சேர்கிறான். அவர் கண்ணுக்கு மட்டும்தான் தெரிவான். கிழவருக்குப் புத்தி பேதலித்துவிட்டது என்று வீட்டில் முடிவு கட்டிவிடுவார்கள். பூர்ணம் இதைக் கத்திக் கூப்பாடு போட்டு நடிக்கவில்லை. வந்தவனிடம் பேச ஒரு குரல், மனைவி பக்கம் திரும்பினால் சட்டென்று இறங்கிய இன்னொரு குரல், அவ்வளவுதான். சபா சிரித்துக்கொண்டே இருக்கும்போது, ஐயோ பாவம் இந்த மனுஷன் என்றும் இருக்கும். கேன்டீன் போண்டாவுக்காகவே நாடகத்துக்கு வரும் கோஷ்டி ஒன்று எப்போதும் உண்டு. அன்று அவர்களும் மணி அடித்ததும் கையைத் துடைத்துக்கொண்டு உள்ளே ஓடி வந்தார்கள்.

பழைய ரேடியோ:
நான் மேடையில் பார்த்ததில்லை. எங்கள் வீட்டில் அவர் நடிகரே இல்லை, 'நியூஸ் விஸ்வநாதன்'. 1947 ஆகஸ்ட் 15 அன்று அகில இந்திய வானொலியின் தமிழ்ச் செய்தியில் சுதந்திரச் சேதியை வாசித்தவர் அவர்தான். 'வறுமையின் நிறம் சிவப்பு' படம் வந்தபோது திரையைப் பார்க்காமல் கண்ணை மூடிக் கேட்டாராம் எங்கள் தாத்தா. பூர்ணம் கமலின் அப்பாவாக டெல்லிக்கு வந்து, மகன் சலூனில் வேலை செய்வதைப் பார்க்கும் கட்டத்துக்குத்தான் கண்ணைத் திறந்தாராம். தாத்தா கொஞ்சம் அளப்பார், ஆனாலும் இதை நம்புகிறேன்.

ஸ்ரீரங்கத்துப் பெண்:
குரல் குரல் என்கிறீர்கள், சரி. 'கேளடி கண்மணி'யை விட்டுவிட்டீர்களே! 1990-இல் வந்த படம். ராதிகாவின் பெற்றோர் இருவருக்கும் காது கேட்காது, பேச்சும் வராது. அம்மா ஸ்ரீவித்யா, அப்பா பூர்ணம். நாடே கேட்ட குரலுக்குச் சொந்தக்காரருக்கு அந்தப் படத்தில் ஒரு வரி வசனம் கிடையாது. என்னைக் கேட்டால் அவருடைய சினிமா வேஷங்களில் அதுதான் முதலிடம். மகள் கல்யாணம் செய்துகொண்டு போய்விடுவாளோ என்ற பயத்தை முகத்திலேயே கொண்டுவந்துவிடுவார். 'ஆசை' படத்து அப்பாவெல்லாம் அதற்கு அப்புறம்தான்.

மாம்பலத்தான்:
ஒத்துக்கொள்கிறேன். ஆனால் சுஜாதாவின் 'ஊஞ்சல்' நாடகம் பார்த்திருந்தால் நீங்களும் என் கட்சிக்கு வந்திருப்பீர்கள். பழைய பெருமையிலேயே ஆடிக்கொண்டிருக்கும் அப்பா வேஷம். சுஜாதாவும் பூர்ணமும் ஒரே வருஷத்தில், 2008-இல், போய்ச் சேர்ந்துவிட்டார்கள். அந்த நாடகங்களின் மேடைப் பதிவு, ஆடியோவாக இருந்தாலும் பரவாயில்லை, யாரிடமாவது இருக்கிறதா? கேசட்டாக இருந்தால் மாற்றித்தரும் செலவு என்னுடையது.