மாஸ்கோ 1973: த்ரா ஜியாங் வாங்கிய விருது நடிப்புக்கா, கட்சிக்கா?

கரிசல்மைந்தன்:
'17ஆம் இணைகோடு: பகலும் இரவும்' பார்த்து முடித்தேன். 1972, இரண்டு பாகம், இயக்கம் ஹாய் நின், வட வியட்நாம் அரசுத் தயாரிப்பு. நாயகியாக வியட்நாம் நடிகை த்ரா ஜியாங். நாட்டை வடக்கு, தெற்கு என்று பிரித்த பென் ஹாய் ஆற்றின் தென்கரையில் நாயகி; கணவன் வடக்கே போய்விட்டான். அவள் சிறைக்குப் போகிறாள், அங்கேயே பிள்ளை பெறுகிறாள், கடைசிவரை உடைவதே இல்லை. அதற்கு அடுத்த வருடமே மாஸ்கோ விழாவில் சிறந்த நடிகை விருது. ஆயுதம் கொடுத்த நாடே விருதும் கொடுத்திருக்கிறது. இதை நடிப்புக்குக் கிடைத்த மரியாதை என்று சொல்ல எனக்கு மனசு வரவில்லை.

திரைநேசி:
அண்ணா, அந்த ஒரு படத்தை வைத்து முடிவு கட்டாதீர்கள். பத்து வருடம் முன்னே போய் 'தூ ஹாவ் அக்கா' பாருங்கள். 1963, இயக்கம் ஃபாம் கீ நாம். த்ரா ஜியாங்குக்கு அப்போது இருபது வயதுதான். ஹனோய் திரைப்படப் பள்ளியின் முதல் அணி; சோவியத்திலிருந்து வந்த அஜ்தார் இப்ராகிமோவ்தான் ஆசிரியர். பிரெஞ்சுச் சிப்பாய் சீரழித்த பிறகு அந்தப் பெண் சாகத் துணிந்து கடலை நோக்கி ஓடுவாள். குழந்தை அழும் சத்தம் கேட்கும். நிற்பாள். திரும்புவாள். அந்தத் திரும்பலில் கோஷம் எங்கே இருக்கிறது? கதை கட்சிக்காக எழுதப்பட்டதுதான், மறுக்கவில்லை. ஆனால் அந்த முகத்தில் ஓடுவதை எந்தக் கட்சியும் எழுதிக் கொடுத்திருக்க முடியாது.

கரிசல்மைந்தன்:
அந்தப் படத்துக்கும் மாஸ்கோவில்தான் வெள்ளிப் பரிசு. நான் கேட்பது வேறு. போர் முடியும்வரை அவருக்குப் பெரும்பாலும் ஒரே பெண்தானே கிடைத்தாள்? தாங்குகிறவள், எதிர்க்கிறவள், ஜெயிக்கிறவள். கோழையாக, சுயநலக்காரியாக, குழம்பியவளாக நடிக்க அவருக்கு இடமே இல்லை. எனக்கு அவர் மேல் கோபம் கிடையாது. அந்தத் திறமைக்கு நடந்த அநியாயம்தான் உறுத்துகிறது. அதே காலத்தில் தெற்கு வியட்நாமின் தலைநகர் சைகோனில் நடிகை கியெவ் சின் சொந்தமாகப் படக்கம்பெனியே நடத்தினார்.

வாசுகி:
கியெவ் சின் பேச்சு வந்ததால் நானும் சேர்ந்துகொள்கிறேன். 1954-ல் நாடு பிரிந்தபோது அவர் ஹனோயிலிருந்து தெற்கே போனார். தந்தையும் அண்ணனும் வடக்கிலேயே தங்கிவிட்டார்கள். த்ரா ஜியாங்கின் குடும்பம் தெற்கிலிருந்து வடக்கே போனது. ஆனால் சைகோனில் சுதந்திரம் கொழித்தது என்று சொல்லாதீர்கள். 1964-ல் 'வியட்நாமில் ஒரு யாங்கி', அடுத்த வருடம் 'ஆபரேஷன் சி.ஐ.ஏ.' இரண்டிலும் அமெரிக்க நாயகனுக்குப் பக்கத்தில்தான் அவர் நிற்கிறார். அவையும் ஒரு தரப்பின் கதைகளே. 1975-ல் சைகோன் விழுந்த பிறகு கனடாவில் கோழிப்பண்ணையைக் கழுவித்தான் பிழைப்பைத் தொடங்கினார். எந்தப் பக்கம் நின்றாலும் போர் இந்த நடிகைகளிடம் கடுமையாகத்தான் வசூலித்தது.

கரிசல்மைந்தன்:
வாசுகி அக்கா, ஒத்துக்கொள்ள முடியவில்லை. ஹாலிவுட்காரன் படம் வேண்டாமென்றால் கியெவ் சின்னுக்குத் தன் கம்பெனியில் வேறு கதை எடுக்க வழி இருந்தது. வடக்கே கேமராவும் அரசுடையது, கொட்டகையும் அரசுடையது. த்ரா ஜியாங் எங்கே போவார்?

திரைநேசி:
எங்கும் போகவில்லை, நடிப்புக்குள்ளேயே வழி தேடினார் என்கிறேன். '17ஆம் இணைகோடு' படத்தில் அவரை நெருக்கும் அதிகாரியாக லாம் தொய் நடித்திருப்பார். வில்லன் என்றாலும் சத்தம் போடாமல், பதமாகப் பேசியே மிரட்டுகிற ஆள். அவர் பேசும்போதெல்லாம் த்ரா ஜியாங் வசனத்தை அடக்கி, கண்ணை மட்டும் நிமிர்த்துவார். அந்த அளவு தெரிந்தவருக்குத்தான் விருது. அப்புறம் 1974-ல் 'ஹனோய்ச் சிறுமி'. 1972 டிசம்பரில் பி-52 விமானங்கள் தரைமட்டமாக்கிய காம் தியென் தெருவின் இடிபாடுகளுக்கு நடுவே எடுத்த படம். அங்கே நின்று நடித்தவரிடம் "பிரசாரம்" என்று சொல்ல எனக்கு நா எழாது.

கரிசல்மைந்தன்:
இடிபாடு நிஜம், அழுகை நிஜம், மறுக்கவே இல்லை. 'தூ ஹாவ்' பெண் கடலுக்கு ஓடினாளே, அந்த ஒரு நிமிடத் தளர்ச்சிதான் அவர் நடித்ததிலேயே உயர்ந்தது என்று நீங்களே சொல்கிறீர்கள். பத்து வருடம் கழித்து அதே நடிகைக்கு அந்த ஒரு நிமிடத்தைக்கூட எழுதித் தரவில்லை. நடிகை விருது வந்தது '17ஆம் இணைகோடு' படத்துக்கு. என் வழக்கு அந்த நடுவர்களோடுதான்.