வலது ரேடியஸில் அக்யூட் ஆஸ்டியோமைலிடிஸ்: எம்86.131 தவறு என்கிறது ஆடிட், எது சரி?

கேள்வி, கோத்தகிரியிலிருந்து

வணக்கம். கோத்தகிரியில் வீட்டிலிருந்தபடியே அமெரிக்க மருத்துவமனைகளின் உள்நோயாளி சார்ட்டுகளுக்குக் கோடிங் செய்கிறேன், அதாவது மருத்துவர் எழுதிய நோய்களுக்குரிய குறியீட்டு எண்களைக் கொடுக்கிறேன். பணிக்கு வந்து ஒன்றரை ஆண்டுதான் ஆகிறது. கோடுகளைச் சரிபார்க்கும் சென்ற வார ஆடிட்டில் என் கணக்கில் விழுந்த ஒரு பிழையைப் பற்றிக் கேட்க விரும்புகிறேன்.

நோயாளி ஒன்பது வயதுச் சிறுவன். நான்கு நாள் காய்ச்சல், வலது மணிக்கட்டுக்குச் சற்று மேலே வீக்கம், தொடவிடாத வலி. எம்ஆர்ஐயில் முன்கையின் இரு எலும்புகளில் ஒன்றான ரேடியஸின் கீழ்முனையில் மஜ்ஜை வீக்கம் தெரிகிறது. இரத்தக் கல்ச்சரில் எம்எஸ்எஸ்ஏ, அதாவது மெத்திசிலினுக்குக் கட்டுப்படும் ஸ்டெஃபிலோகாக்கஸ் ஆரியஸ், வளர்ந்திருக்கிறது. இரண்டு வாரங்களுக்கு முன் விளையாடும்போது விழுந்து அதே முன்கையில் சிராய்ப்பு ஏற்பட்டதாகச் சேர்க்கைக் குறிப்பில் ஒரு வரி உள்ளது. டிஸ்சார்ஜ் சம்மரியில் மருத்துவர் எழுதியிருப்பதோ, 'அக்யூட் ஆஸ்டியோமைலிடிஸ் (திடீரெனத் தொடங்கும் எலும்புத் தொற்று), வலது ரேடியஸ், காரணம் எம்எஸ்எஸ்ஏ' என்பது மட்டுமே.

நான் 'வேறு வகை அக்யூட் ஆஸ்டியோமைலிடிஸ்' என்பதற்குரிய எம்86.131-ஐயும், கிருமிக்காக பி95.61-ஐயும் கொடுத்தேன். ஆடிட்டர் முதல் கோடை எம்86.031 என்று மாற்றி, 'இரத்தக் கல்ச்சர் பாசிட்டிவ், ஆகவே ஹெமட்டோஜீனஸ்', அதாவது இரத்தத்தின் வழியாக வந்தது, என்று காரணம் எழுதியிருக்கிறார். மறுப்பு எழுத இரண்டு நாள் அவகாசம் இருக்கிறது. எழுதலாமா? தொற்று மணிக்கட்டை ஒட்டி இருப்பதால் இடத்தையும் தவறாகக் கொடுத்துவிட்டேனோ என்ற சந்தேகமும் உள்ளது.

பதில், குன்னூரிலிருந்து

இடத்தைப் பற்றிய சந்தேகத்தை முதலில் விட்டுவிடுங்கள், தங்கை. எலும்பின் மேல்முனையோ கீழ்முனையோ மூட்டை ஒட்டிப் பாதிக்கப்பட்டாலும், இடமாகக் கொள்ள வேண்டியது எலும்பையே அன்றி மூட்டை அல்ல என்பது அமெரிக்க நோய்க் குறியீட்டுத் தொகுப்பான ஐசிடி-10-சிஎம் வழிகாட்டுதலின் 13-ஆம் அத்தியாயக் குறிப்பிலேயே இருக்கிறது. மணிக்கட்டின் சிறு எலும்புகளில் தொற்று இருந்திருந்தால்தான் கைக்குரிய எம்86.14 வரிசைக்குப் போக வேண்டும். ரேடியஸுக்கும் முன்கையின் மற்ற எலும்பான அல்னாவுக்கும் ஒரே கோடுதான் என்பதால், ஒரே கையில் இரண்டும் பாதிக்கப்பட்டிருந்தாலும் எம்86.131 ஒரு முறை வந்தால் போதும்.

இனி ஆடிட்டரின் காரணத்துக்கு வருகிறேன். கோடு தேடும் அகரவரிசை அட்டவணையில் ஆஸ்டியோமைலிடிஸ் என்ற சொல்லின் கீழ் 'அக்யூட்' என்று மட்டும் தேடினால் அது எம்86.1 வரிசைக்கே கொண்டுபோகிறது. 'ஹெமட்டோஜீனஸ்' என்ற சொல்லும் சேர்ந்து வந்தால்தான் எம்86.0. குழந்தைகளுக்கு வரும் அக்யூட் எலும்புத் தொற்று பெரும்பாலும் இரத்தத்தின் வழியாக வருவதுதான் என்பது மருத்துவ உண்மை. ஆனால் அதை இந்தச் சிறுவனுக்குப் பொருத்திச் சொல்ல வேண்டியவர் மருத்துவர். ஆய்வக முடிவையோ ஸ்கேன் முடிவையோ பார்த்து, மருத்துவர் சொல்லாத ஒன்றை நாமாகக் கோடாக்கக் கூடாது. ஆடிட்டரின் வழியில் போனால், கல்ச்சரைப் பார்த்தே பாக்டீரிமியாவுக்கான (இரத்தத்தில் பாக்டீரியா இருப்பதற்கான) ஆர்78.81-ஐயும் நாமே சேர்த்துவிடலாம். அதை அவரே ஏற்கமாட்டார். மேலும், இந்தச் சார்ட்டில் சிராய்ப்பு ஒன்று குறுக்கே நிற்கிறது. கிருமி தோலிலிருந்து நேரே எலும்புக்குப் போனதா, இரத்தத்தில் கலந்து போய்ச் சேர்ந்ததா என்பதை நீங்களும் நானும் எப்படிச் சொல்வது?

ஆகவே மருத்துவருக்கு க்வெரி, அதாவது விளக்கம் கேட்கும் எழுத்துக் கேள்வி, அனுப்புவதே முறை. 'இது ஹெமட்டோஜீனஸ்தானே?' என்று கேட்டால் அது பதிலைத் திணிக்கும் க்வெரி ஆகிவிடும். காய்ச்சல், கல்ச்சர், எம்ஆர்ஐ, சிராய்ப்பு ஆகிய நான்கையும் அப்படியே எடுத்துக்காட்டி, தொற்று வந்த வழியை எழுதும்படி கேளுங்கள். தேர்வுகளில் 'வேறு' என்பதும் 'தீர்மானிக்க இயலவில்லை' என்பதும் கட்டாயம் இருக்க வேண்டும்.

பதில், கூடலூரிலிருந்து

குன்னூர் அக்கா சொன்னதோடு உடன்படுகிறேன். நான் இங்கே ஒரு மருத்துவமனையின் பதிவேட்டுப் பிரிவில் இருக்கிறேன். நாங்கள் பயன்படுத்துவது உலக சுகாதார நிறுவனத்தின் ஐசிடி-10. அதில் முன்கைக்கான இலக்கம் 3 என்பதால் எம்86.03, எம்86.13 என்பதோடு கோடு முடிந்துவிடும். வலது, இடது என்ற ஆறாவது இலக்கமே கிடையாது. இரண்டையும் மாற்றி மாற்றிப் பார்ப்பவர்கள் இதில் தடுமாறுவதுண்டு.

வேறு ஒன்றும் சொல்ல வேண்டும். இந்தியாவில் அரிவாள் செல் என்ற பரம்பரை இரத்த நோயின் மரபணு இருப்பது 1952-ஆம் ஆண்டில் நீலகிரிப் பழங்குடி மக்களிடம்தான் முதலில் பதிவானது. கூடலூர், பந்தலூர் பக்கம் வேலை செய்பவர்களுக்கு இது பழகிய நோய். அந்த நோயுள்ள குழந்தையின் எலும்புத் தொற்றில் சால்மோனெல்லா காரணமாக இருப்பதுண்டு. மருத்துவர் அப்படி எழுதியிருந்தால் எம்86 பக்கமே போகக் கூடாது. அமெரிக்கப் பதிப்பில் அது ஏ02.24, எம்86-இன் கீழ் உள்ள விலக்குக் குறிப்பிலும் (இங்கே கொடுக்கக் கூடாதவற்றின் பட்டியலிலும்) உள்ளது. எங்கள் பதிப்பில் ஏ02.2-உடன் எம்90.2 இணையாக வரும். உங்கள் சிறுவனுக்கு இது பொருந்தாது என்றாலும், விலக்குக் குறிப்பைப் படிக்காமல் கோடை முடிப்பவர்களை நிறையப் பார்த்துவிட்டதால் எழுதுகிறேன்.

கேட்டவர்

இருவருக்கும் நன்றி. க்வெரி எழுதுவதற்காக நேற்றிரவு சார்ட்டை முதல் பக்கத்திலிருந்து மீண்டும் படித்தேன். 41-ஆம் பக்கம் ஃபாக்ஸில் வந்து ஸ்கேன் செய்யப்பட்ட, பாதி அழிந்த கையெழுத்துத் தாள்; முதல் முறை அதை மருந்துக் குறிப்பு என்று நினைத்துத் தள்ளிவிட்டேன். திரையில் பெரிதாக்கிப் பார்த்தபோதுதான் அது தொற்றுநோய் மருத்துவரின் கன்சல்ட் (ஆலோசனைக் குறிப்பு) என்று தெரிந்தது. சிராய்ப்பு முழுமையாக ஆறிவிட்டது, சுற்றியுள்ள தோலில் தொற்று இல்லை, 'அக்யூட் ஹெமட்டோஜீனஸ் ஆஸ்டியோமைலிடிஸ்' என்று அவர் தெளிவாகவே எழுதியிருக்கிறார். இதை வைத்து எம்86.031 கொடுக்கலாமா, முதன்மை மருத்துவர் எழுதாததால் க்வெரி இன்னும் தேவையா?

பதில், குன்னூரிலிருந்து

கொடுக்கலாம். சிகிச்சையில் பங்குகொண்ட எந்த மருத்துவரின் குறிப்பையும் எடுத்துக்கொள்ளலாம், முதன்மை மருத்துவர் எழுதியதோடு அது முரண்படாத வரை. ஒருவர் 'அக்யூட்' என்கிறார், மற்றவர் அதையே இன்னும் குறிப்பாகச் சொல்கிறார். இதில் முரண் இல்லை, க்வெரியும் வேண்டாம். முதன்மை மருத்துவர் சிராய்ப்பிலிருந்து பரவியது என்று எழுதியிருந்தால்தான் அவரிடம் கேட்க வேண்டியிருக்கும். பி95.61 அப்படியே இருக்கட்டும்.

பிழையை ஒப்புக்கொள்ளுங்கள், ஆனால் ஆடிட்டர் எழுதிய காரணத்தை ஒப்புக்கொள்ளாதீர்கள். கல்ச்சரை வைத்து அல்ல, 41-ஆம் பக்கக் கன்சல்ட்டை வைத்தே கோடு மாறுகிறது என்று பதிவு செய்யச் சொல்லுங்கள். இல்லையென்றால் அடுத்த சார்ட்டில் கன்சல்ட் இல்லாதபோதும் கல்ச்சரைக் காட்டி இதே பிழையை உங்கள் மேல் போடுவார்.

கேட்டவர்

அப்படியே எழுதி அனுப்பினேன். மதிப்பெண் குறைந்தது குறைந்ததுதான். காரண வரியை மட்டும் இன்று காலை மாற்றிவிட்டார்கள்.