ஜூன் கடைசியில் கலிசியா: தம்பி எதைப் பார்க்க வேண்டும்?

காசிமேடு அக்கா:
என் தம்பி சரக்குக் கப்பலில் வேலை செய்கிறான். ஜூன் 22-லிருந்து சில நாள் ஸ்பெயின் நாட்டின் விகோ துறைமுகத்தில் கப்பல் நிற்குமாம். அந்தப் பக்கம் கலிசியா என்கிறார்கள். அங்கே கடலோர ஜனங்களின் வழக்கம் என்ன, சாப்பாடு என்ன? போய் வந்தவர்கள் சொல்லுங்களேன்.

ராயபுரம் மாலுமி:
நல்ல நேரத்தில்தான் போகிறார்! ஜூன் 23 ராத்திரி சான் ஷோவான், நம் ஸ்நாபக அருளப்பர் திருநாளுக்கு முந்தின இரவு. நம் போகி போல ஊரெங்கும் நெருப்பு மூட்டுவார்கள். கொருன்யா நகரில் கடற்கரை முழுக்கத் தீதான். தீ தணிந்ததும் தாண்டிக் குதிப்பார்கள், ஒற்றைப்படையில். கெட்டது விலகும் என்று நம்பிக்கை.

அன்றைக்குக் கரியில் மத்தி சுடுவார்கள். கல்லுப்பு மட்டும், மசாலா கிடையாது. சுட்ட மீனை ரொட்டித் துண்டின்மேல் வைத்துக் கையாலேயே பிய்த்துச் சாப்பிட வேண்டும். அந்தப் பருவத்து மத்தியில் கொழுப்பு ஏறியிருக்கும், ரொட்டி அதில் ஊறிவிடும். அந்த ரொட்டியை மட்டும் தம்பி விட்டுவிடக் கூடாது. மீனைவிட ருசி அதில்தான்.

இன்னொன்று. அன்று சாயங்காலம் ரோஸ்மேரி, பெருஞ்சீரகத் தழை, பெரணி எல்லாம் பறித்துத் தண்ணீரில் போட்டு, இரவு முழுக்கப் பனியில் வெளியே வைப்பார்கள். விடிந்ததும் அதில் முகம் கழுவுவார்கள். யாராவது வீட்டுக்கு அழைத்தால் தம்பி தயங்காமல் போகட்டும்.

எண்ணூர்க்காரி:
எங்கள் ஆற்றில் பெண்கள் கையாலேயே இறால் பிடிப்பார்கள். அங்கே பெண்களுக்கு இப்படித் தொழில் உண்டா அண்ணே?

ராயபுரம் மாலுமி:
உண்டும்மா. கடல் உள்ளே புகுந்த நீண்ட கழிகள் அங்கே நிறைய. தண்ணீர் வற்றும் நேரத்தில் மணலைக் கிளறி மட்டி எடுப்பவர்களில் பெரும்பாலோர் பெண்கள்தான். மரிஸ்கடோரா என்று பெயர். உரிமம் வேண்டும், ஒரு நாளைக்கு இவ்வளவுதான் என்று அளவு உண்டு. சின்ன மட்டியைத் திரும்ப மணலிலேயே போட்டுவிடுவார்கள். 2002 நவம்பரில் பிரெஸ்டீஜ் கப்பல் உடைந்து அந்தக் கரையெல்லாம் எண்ணெய். ஊர் ஊராக ஆட்கள் வந்து அள்ளினார்கள். 2017-இல் நம் எண்ணூரில் வாளியில் அள்ளியதைப் பார்த்தபோது எனக்கு அவர்கள் ஞாபகம்தான் வந்தது.

காசிமேடு அக்கா:
ரொம்ப நன்றி அண்ணே. ஆக்டோபஸ் பிரபலமாமே?

ராயபுரம் மாலுமி:
ஆமாம். வேகவைத்துக் கத்தரிக்கோலால் நறுக்கி, மரத்தட்டில் ஆலிவ் எண்ணெய், கல்லுப்பு, மிளகாய்த்தூள் தூவித் தருவார்கள். அந்தத் தூளில் நம் காரம் இருக்காது, தம்பியிடம் சொல்லிவிடுங்கள்.