சாரன் கேஸ், பிறகு ஸீதர்: உங்களுக்கும் ஒரு கதை இருக்குமே?

லாடியம் பேரன்:

ஸீதர் என்ற ராக் குழுவைப் பற்றி யாராவது பேச்சை எடுப்பார்கள் என்று காத்திருந்தேன். யாரும் எடுக்கவில்லை. சரி, நானே தொடங்குகிறேன்.

நான் தென்னாப்பிரிக்காவில், பிரிட்டோரியாவின் இந்தியர் பகுதியான லாடியத்தில் வளர்ந்தவன். தமிழ் எழுதக் கற்றது பெரியவனான பிறகு, மாலை வகுப்பில். பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். 2000-ல் எனக்கு 16 வயது. எங்கள் வகுப்பில் ராக் கேட்கிற இந்தியப் பையன்கள் மூன்றே பேர். மற்றவர்களுக்கு ஹிப் ஹாப், க்வைட்டோ என்கிற உள்ளூர் நடன இசை; வீட்டுக்குப் போனால் அம்மா போடும் சினிமாப் பாட்டு.

ஒருநாள் பக்கத்தில் உட்கார்ந்திருந்தவன் மேசைக்கு அடியில் ஒரு சிடியை நீட்டினான். ‘ஃப்ராஜைல்’. குழுவின் பெயர் சாரன் கேஸ். “நம்ம ஊர்க்காரங்க” என்றான். நான் நம்பவில்லை. அப்படி உறுமுகிற கிட்டார் அமெரிக்காவின் சியாட்டிலிலிருந்து மட்டும்தான் வரும் என்று அப்போது எங்களுக்கு நினைப்பு. பிரிட்டோரியாவில் என்ன இருக்கிறது? ஜக்கரண்டா மரமும் அரசு அலுவலகமும். ஆனால் உண்மைதான். 1999-ல் இதே ஊரில் சேர்ந்த பையன்கள். பாடுபவர் ஷான் மோர்கன். பேஸ் வாசிக்கும் டேல் ஸ்டூவர்ட் அடுத்த வருடம் வந்து சேர்ந்தார். மஸ்கட்டீர் என்ற சின்ன நிறுவனம்தான் அந்த ஆல்பத்தை வெளியிட்டது.

அப்புறம் அமெரிக்காவின் விண்ட்-அப் ரெக்கார்ட்ஸ் அவர்களை எடுத்துக்கொண்டது. எடுத்த கையோடு பெயரை மாற்றச் சொன்னது. ‘சாரன் கேஸ்’ என்பது காதில் ‘சாரின் கேஸ்’ என்று விழுகிறதாம். 1995-ல் டோக்கியோ சுரங்க ரயிலில் ஆட்களைக் கொன்ற நச்சுவாயு அது. நியாயமான காரணம்தான், மறுக்கவில்லை. வெருக்கா சால்ட் என்ற அமெரிக்கக் குழுவின் ஒரு பாட்டுத் தலைப்பை எடுத்துத் தங்களுக்கு வைத்துக்கொண்டார்கள்: ஸீதர். 2002-ல் ‘டிஸ்கிளைமர்’ வந்தது. பழைய ஆல்பத்தின் பல பாட்டுகளைத் திரும்பப் பதிவு செய்து அதில் சேர்த்திருந்தார்கள். ஒலி சுத்தமாக இருந்தது. எனக்கென்னவோ பழைய கரகரப்புதான் பிடித்தது.

அந்த சிடியைச் சத்தமாக வைத்திருந்த ஒரு சனிக்கிழமை ஆயா அறைக்கு வந்தார்.

“யாருடா இப்படிக் கத்துறது?”

“ஸீதர், ஆயா.”

“ஸ்ரீதரா? யார் வீட்டுப் பிள்ளை?”

வெள்ளைக்காரப் பையன்கள், அமெரிக்கா போனதும் கம்பெனி சொல்லிப் பெயர் மாற்றிக்கொண்டார்கள் என்று விளக்கினேன். ஆயா கட்டிலில் உட்கார்ந்து சிரித்தார். எங்கள் வீட்டுப் பெயர் மூட்லி. முதலி என்பதை அந்தக் காலத்து ஆங்கிலேயக் காலனியான நேட்டாலின் குமாஸ்தா எழுதின லட்சணம். கவுண்டர்கள் கவெண்டர் ஆனதும் அப்படித்தான். “அவங்களுக்காவது கேட்டுட்டு மாத்தினான்” என்றார்.

அன்றிலிருந்து எங்கள் வீட்டில் அந்தக் குழுவுக்குப் பெயர் ஸ்ரீதர். உங்கள் கதையையும் எழுதுங்கள்.

திருநெல்வேலி டு மிட்ரண்ட்:

ஸ்ரீதர்! அலுவலகத்தில் சத்தமாகச் சிரித்துவிட்டேன்.

எனக்கு இவர்கள் அறிமுகமானது சென்னையில், கல்லூரி விடுதியில், 2004-ல். எல்லாரும் எவனெசன்ஸ் என்ற அமெரிக்கக் குழுவைக் கேட்டுக்கொண்டிருந்த நேரம். அதன் பாடகி ஏமி லீயோடு ஷான் பாடிய ‘புரோக்கன்’ அறை அறையாகப் போய்க்கொண்டிருந்தது. அது முதலில் ‘டிஸ்கிளைமரி’ல் ஷான் தனியாகப் பாடியது. இரண்டு குழுவுக்கும் ஒரே கம்பெனி, ஒன்றாகச் சுற்றுப்பயணமும் போனார்கள். ‘தி பனிஷர்’ படத்துக்காக அதை இருவர் குரலில் மறுபடி பதிவு செய்தார்கள். அது ஓடின ஓட்டத்தில் ‘டிஸ்கிளைமர்’ ஆல்பத்தையே எட்டுப் பாட்டு கூடுதலாகச் சேர்த்து ‘டிஸ்கிளைமர் 2’ என்று வெளியிட்டார்கள். ரசிகன் ஒரே ஆல்பத்தை இரண்டு தடவை வாங்கணும்! நான் இரண்டுமே வாங்கவில்லை, விடுதிக் கம்ப்யூட்டரில் இருந்தது.

அவர்கள் அமெரிக்கர்கள் என்றே நான்கு வருடம் நம்பினேன். 2008-ல் வேலைக்கு இங்கே வந்தேன். கூட வேலை பார்த்த ஆப்பிரிக்கானர் (ஆஃப்ரிகான்ஸ் பேசும் வெள்ளைக்காரர்) ஒருவர் பிராய்க்கு, அதாவது இறைச்சி சுடும் விருந்துக்கு, அழைத்தார். நான் சைவம். சுட்ட சோளத்தோடு ஒதுங்கி நின்றுகொண்டிருந்தேன். பக்கி என்கிற பிக்கப் வண்டியின் ஸ்பீக்கரில் ஷானின் குரல். “இவர்களை எனக்குத் தெரியும்” என்றேன். அவர் முகத்தைப் பார்க்க வேண்டுமே! “எங்கள் பையன்கள்” என்று அங்கிருந்த ஒவ்வொருவரிடமும் என்னைக் கூட்டிப்போய்ச் சொன்னார். அதுவரை என்னோடு வேலையைத் தவிர வேறு பேசாத மனிதர்.

பெயர் விஷயத்தில் இன்னொன்று. 2005-ல் வந்த ‘கர்மா அண்ட் எஃபெக்ட்’ ஆல்பத்துக்கு அவர்கள் முதலில் வைத்த தலைப்பு வேறு, ‘கேட்டரிங் டு கவர்ட்ஸ்’. அதையும் கம்பெனி மாற்றவைத்தது. இரண்டாவது தடவை!

ஷானின் தம்பி 2007-ல் இறந்துவிட்டார். அந்தத் தம்பிக்காக எழுதிய ‘ரைஸ் அபவ் திஸ்’ பாட்டை அதன் பிறகு என்னால் சும்மா கேட்க முடிவதில்லை. என் தம்பி ஊரில் இருக்கிறான். அந்தப் பாட்டு வந்தால் அவனுக்கு ஒரு மிஸ்டு கால் கொடுப்பேன்.

சாட்ஸ்வொர்த் அக்கா:

நீங்கள் இரண்டு பேரும் ஊரைவிட்டுப் போனவர்களையே புகழ்கிறீர்கள். இங்கேயே இருந்து வாசித்தவர்களுக்கு ஒரு வரி கிடையாதா? எங்கள் காலத்து ராஜாக்கள் ஸ்பிரிங்பாக் நியூட் கேர்ள்ஸ். 1994-ல் ஸ்டெல்லன்போஷில் தொடங்கிய குழு, பாடகர் ஆர்னோ கார்ஸ்டன்ஸ். ராக் குழுவில் டிரம்பெட் வைத்திருந்தார்கள்! எங்கள் கல்யாண ஊர்வலத்து டிரம்பெட் இல்லை, வேறு மாதிரி அழும்.

டர்பனில் அவர்கள் கச்சேரி. தொண்ணூறுகளின் கடைசி. அப்பாவிடம் முழுப் பெயரைச் சொல்ல முடியுமா? “ஸ்பிரிங்பாக் பார்க்கப் போறோம்” என்றேன். அப்பா கோபப்பட்டார், ஆனால் வேறு காரணத்துக்கு. ஸ்பிரிங்பாக் என்பது எங்கள் நாட்டு ரக்பி அணியின் பெயரும்கூட; ரக்பி என்று நினைத்துவிட்டார். நிறவெறிக் காலம் முழுக்க ஸ்பிரிங்பாக் ஆடினால் நியூசிலாந்துக்குக் கைதட்டிய தலைமுறை அது. “மண்டேலா அந்தச் சட்டையையே போட்டாச்சு, நீங்க இன்னும் மறக்கலையா?” என்று கேட்டு வாயை அடைத்தேன். அவரே கொண்டுபோய் விட்டார், வெளியே வண்டியில் காத்திருந்தார். வாசல் சுவரொட்டியில் முழுப் பெயரும் கொட்டை எழுத்தில். திரும்பும் வழியில் ஒரு வார்த்தை பேசவில்லை. ரோபாட்டில், அதாவது டிராஃபிக் சிக்னலில், சிவப்பு விழுந்து வண்டி நின்றபோது மட்டும், “அந்த டிரம்பெட் பையன் பரவாயில்லை” என்றார். வெளியே வரை கேட்டிருக்கிறது.

லாடியம் பேரன்:

அக்கா, மன்னிக்கணும், அவர்களை மறந்தது தப்புதான். உங்கள் அப்பாவுக்கு என் வணக்கம்.

‘ஃப்ராஜைல்’ சிடி இப்போதும் இருக்கிறதா என்று ஒருவர் தனியாகக் கேட்டிருந்தார். இருக்கிறது, ஆனால் ஓடாது. நான் பல்கலைக்கழகம் போன வருடம் ஆயா என் அறையைச் சுத்தம் செய்தார். உறையில்லாமல் கிடந்த சிடிகளை எல்லாம் நூலில் கட்டிக் கொல்லையில் அவரைப் பந்தலில் தொங்கவிட்டுவிட்டார், பூவைக் கொத்துகிற பறவைகளை விரட்ட. விடுமுறைக்கு வந்து பார்த்தால் வெயிலில் பளபளவென்று சுற்றிக்கொண்டிருக்கிறது. எனக்கு அழுகையே வந்துவிட்டது. ஆயா ஒரு முறம் அவரைக்காயை என் முன்னால் வைத்துவிட்டுச் சொன்னார்:

“இந்த வருஷம் ஒரு பிஞ்சு வீணாப் போகலை. ஸ்ரீதர் நல்லாக் காவல் காக்கிறான்.”