இரண்டு கொழும்புகளுக்கு இடையே நாணய மாற்று வீதம்: உதவி தேவை

வணக்கம். வெள்ளவத்தையில் இருக்கிறேன். எழுதிக்கொண்டிருக்கும் அறிபுனைகதைக்காக, இணை உலகங்களின் பொருளாதாரத்தைக் கணக்கிடும் மாதிரி ஒன்றைப் பைதன் நிரல்மொழியில் செய்கிறேன்.

'அ' உலகம் நம்முடையது: 1869இல் கோப்பி இலைத்துரு நோய் வந்து, மலைநாடு மெல்லத் தேயிலைக்கு மாறியது. 'ஆ' உலகில் அந்த நோய் வரவேயில்லை. புறக்கோட்டைக் கிட்டங்கிகளில் இன்றைக்கும் கோப்பி மூட்டைதான். இரண்டுக்கும் நடுவே ஒரு வாசல். இங்கே ஒரு வருடம் போனால் அங்கே பத்து வருடம் போய்விடும்.

சிக்கல் வட்டியில். இரு பக்கமும் 5 சதவீதம் என்றாலும், 'ஆ'வில் போட்ட 100 ரூபாய் நம் கணக்கில் ஒரே வருடத்தில் ஏறக்குறைய 163 ரூபாய். அப்படியென்றால் இங்கே யார் முதல் போடுவார்கள்? 'அ'வின் கையிருப்பு பூச்சியமாகிறது.

வாசலில் சுங்கத் தீர்வை போட்டேன். தாமதமாகிறதே தவிர நிற்கவில்லை. தங்கத்தைப் பொது அளவாக வைத்தேன், தங்கமும் அங்கேயே போனது. அப்புறம் வட்டி வித்தியாசத்துக்கு ஏற்ப 'ஆ' ரூபாயின் மதிப்பை வருடாவருடம் இறக்கினேன். பணம் நின்றது, ஆனால் அங்கத்தைய கோப்பி இங்கே அடிமாட்டு விலைக்கு வந்து தேயிலைத் தோட்டங்கள் மூடப்படுகின்றன.

காலவேகம் வேறான இரு உலகங்களுக்கு மாற்று வீதத்தை எந்தச் சமன்பாட்டால் தீர்மானித்தால், முதலும் ஓடாமல் சரக்கு விலையும் சரியாமல் நிற்கும்?