சப் கோர்ட்ல ஜெயிச்சாச்சு, கவர்மெண்ட் அப்பீல் போயிருச்சு, பணத்த எடுக்க முடியுமா முடியாதா?

வரப்பு_மேட்டுக்காரன்:
எல்லாருக்கும் வணக்கம். எங்க அப்பா பேர்ல இருந்த 1 ஏக்கர் 62 சென்ட் 2006ல நிலமெடுப்புல போச்சு, அவார்டு (இழப்பீட்டு உத்தரவு) 2008 மார்ச், சென்ட்டுக்கு 1,100 ரூபா போட்டாங்க, அப்பா ஆட்சேபணையோட கையெழுத்து போட்டு வாங்கிட்டு எல்.ஏ.ஓ.பி (இழப்பீட்ட கூட்டிக் கேக்குற கோர்ட் மனு) போட்டாரு, 2022ல சப் கோர்ட் 9,500ன்னு உயர்த்தி தீர்ப்பு சொல்லுச்சு. அதுக்கப்புறம் ஒரு பைசா வரல. அரசு ஹைகோர்ட்டுக்கு போயிருக்குன்னு மட்டும் சொல்றாங்க. போன வருஷம் அப்பாவும் தவறிட்டாரு. வக்கீல கேட்டா "அப்பீல் முடியட்டும் தம்பி"ங்கறாரு. அம்மாவுக்கு 71 வயசு, அவங்க இருக்கும்போதே கையில பாக்கணும். வழி இருக்கா?

செம்மண்_சீனி:
எங்க சித்தப்பாவுக்கும் இதே கதைதான் ப்ரோ. அப்பீல் முடியாம தொட முடியாது, விட்ருங்க.

கோர்ட்_வாசல்:
சீனி சொல்றது தப்பு, இத நம்பித்தான் பாதி பேரு சும்மா உக்காந்திருக்காங்க. அப்பீல் போட்டாலே தீர்ப்பு நின்னு போயிடாது, சிவில் நடைமுறை சட்டம் ஆர்டர் 41 ரூல் 5ல தெளிவா இருக்கு, தனியா ஸ்டே வாங்கணும். தம்பி, முதல்ல ஈகோர்ட்ஸ் சைட்ல கேஸ் ஸ்டேட்டஸ் பாருங்க. அப்பீலுக்கு ஏ.எஸ். நம்பர் (கோர்ட் ஏத்துக்கிட்டா விழறது) விழுந்துருச்சா, இல்ல இன்னும் எஸ்.ஆர். நம்பர்லயே (தாக்கல் பண்ணதும் தர்ற தற்காலிக நம்பர்) நிக்குதா? அரசு அப்பீல் பலதும் லேட்டா போட்டு, தாமத மன்னிப்பு மனு முடியாம வருஷக்கணக்கா எஸ்.ஆர்.லயே தூங்கும். ஸ்டே இல்லன்னா சப் கோர்ட்ல இ.பி. (தீர்ப்ப நிறைவேத்தச் சொல்ற மனு) போடலாம், தீர்ப்புலருந்து 12 வருஷம் டைம் இருக்கு. அரசுக்கு எதிரான டிக்ரிங்கறதால (தீர்ப்பாணை) அதே சட்டம் பிரிவு 82 படி 3 மாசம் பணம் கட்டாம இருந்திருக்கணும், உங்களுக்கு அது எப்பவோ தாண்டியாச்சு. கலெக்டர் ஆபீஸ் ஜீப்ப கோர்ட் அமீனா ஜப்தி பண்ணாருன்னு பேப்பர்ல பாப்பீங்கல்ல, அதெல்லாம் இந்த இ.பி.லதான். ஜீப்புக்கு நோட்டீஸ் ஒட்டினதும் அதுவரைக்கும் அசையாத ஃபைல் நடக்க ஆரம்பிக்கும்.

வாரிசு சான்றிதழ் வச்சு அம்மா, நீங்க, கூடப்பிறந்தவங்க எல்லாரும் சேந்து மனு போடணும், ஒருத்தர் விட்டுப்போனாலும் செக் வாங்குறப்ப முட்டும்.

வரப்பு_மேட்டுக்காரன்:
அண்ணா பாத்துட்டேன், எஸ்.ஆர்.லதான் இருக்கு, ஸ்டே எதுவும் இல்ல! இன்னொன்னு, மொத்தம் எவ்ளோ வரும்னு யாராச்சும் சொல்ல முடியுமா, வக்கீல் குமாஸ்தா 13 லட்சம்ங்கறாரு.

கணக்குப்புள்ள:
13 லட்சம் வெறும் நில மதிப்பு வித்தியாசம். பழைய 1894 சட்டம்தானே, போடுவோம். சென்ட்டுக்கு 8,400 கூடுதல், 162 சென்ட்டுக்கு 13,60,800. அதுல 30% சொலேஷியம் (கட்டாயமா எடுத்ததுக்கான ஆறுதல் தொகை) 4,08,240. 4(1) நோட்டிஃபிகேஷன்லருந்து (நிலமெடுக்கப் போறோம்னு வர்ற முதல் அறிவிப்பு) அவார்டு வரைக்கும் நில மதிப்புல வருஷத்துக்கு 12%, ரெண்டு வருஷம்னு வச்சா 3,26,592. ஆக 20,95,632. அவார்டு அன்னைக்கே நிலத்த எடுத்துக்கிட்டாங்கன்னா அதுலருந்து முதல் வருஷம் 9%, அப்புறம் 15%, 2025 மார்ச் வரைக்கும் 17 வருஷம், வட்டி மட்டுமே 52 லட்சத்துக்கு மேல. மொத்தம் 73 லட்சத்த தாண்டுது. சொலேஷியத்துக்கும் வட்டி உண்டுன்னு 2001லயே சுந்தர் வழக்குல சுப்ரீம் கோர்ட் சொல்லிருச்சு, இ.பி. கணக்குல அத விட்ராதீங்க, நிறைய பேர் விடறாங்க. அப்புறம் பான் நம்பர் கொடுத்துருங்க, இல்லன்னா வட்டில 20% பிடிச்சுருவாங்க.

வரப்பு_மேட்டுக்காரன்:
73ஆ?? அம்மாகிட்ட சொல்லல, நெஞ்சு படபடங்குது எனக்கு.

கோர்ட்_வாசல்:
சொல்லாதீங்க, முழுசா இப்ப கைக்கு வராது. இ.பி. போட்டதும் அரசு ஓடிப்போய் அப்பீலுக்கு நம்பர் வாங்கி ஸ்டே கேக்கும். ஹைகோர்ட்ல பெரும்பாலும் ஒரு பங்க டெபாசிட் பண்ணுன்னு கண்டிஷன் போட்டுத்தான் ஸ்டே கொடுப்பாங்க. அந்த நேரத்துல உங்க வக்கீல் எந்திரிச்சு அம்மா வயச சொல்லி, ஜாமீன் இல்லாம எடுக்க அனுமதி கேக்கணும். சும்மா இருந்தா பணம் எஃப்.டி.ல போய் உக்காந்துரும், 15% எங்க பேங்க் வட்டி எங்க. முன்கூட்டியே கேவியட் (எங்கள கேக்காம உத்தரவு போடாதீங்கன்னு சொல்ற மனு) போட்டு வைங்க, 90 நாள்தான் செல்லும், தேதி குறிச்சு வச்சு மறுபடி போடணும். நாளைக்கு அப்பீல்ல தொகை குறைஞ்சா பிரிவு 144ல திருப்பி கேப்பாங்க, அதனால எடுக்குறதுல கொஞ்சத்த தொடாம வைங்க. 9,500 கம்மின்னு தோணினா அப்பீல் நோட்டீஸ் கைக்கு வந்து ஒரு மாசத்துக்குள்ள கிராஸ் அப்ஜெக்ஷன் (அரசு அப்பீல்லயே நம்ம பக்கம் கூட்டிக் கேக்குறது) போடலாம், ஆனா கோர்ட் ஃபீஸ் ஆகும்.

செம்மண்_சீனி:
அண்ணா சித்தப்பா கேஸ் 2019 தீர்ப்பு, இன்னும் டைம் இருக்குல்ல?

கோர்ட்_வாசல்:
2031 வரைக்கும் இருக்கு. அதுக்காக 2030ல வராதீங்க.

வரப்பு_மேட்டுக்காரன் (7 மாசம் கழிச்சு):
அப்டேட். இ.பி.ல நோட்டீஸ் போனதும் அண்ணா சொன்ன மாதிரியே நடந்துச்சு. ஹைகோர்ட் ஸ்டே கண்டிஷன்: அரசு பாதிய வட்டியோட 8 வாரத்துல கட்டணும், அதுல பாதிய நாங்க ஜாமீன் இல்லாம எடுத்துக்கலாம், மிச்சம் பேங்க்ல. செக் பெட்டிஷன் (கோர்ட்ல கட்டின பணத்த கேக்குற மனு) போட்டா ரெண்டு வாட்டி ரிட்டர்ன், அம்மா பாஸ்புக்ல "மு. பழனியம்மாள்", வாரிசு சான்றுல "பழனியம்மா". நோட்டரி கிட்ட போய் ரெண்டும் ஒரே ஆள்தான்னு அஃபிடவிட் போட்டு குடுத்தோம். நேத்து அக்கவுண்ட்ல ஏறிருச்சு. மெசேஜ காட்டினா அம்மா சைபர விரல் வச்சு ரெண்டு தடவ எண்ணிட்டு, "அந்த கிணத்து மேட்டுல நின்ன புளியமரத்துக்கு தனியா போட்டாங்களாடா"ன்னு கேக்குது. மரத்துக்கு கணக்கு விட்டுப்போச்சு, அத இப்ப கேக்க முடியுமாண்ணா?